பிரஷ் போகாத இடம்

தொலைக்காட்சியில் குழந்தைக்கான சோப்பு விளம்பரம் வரும், எண்ணெய் வரும், டயப்பர் வரும். பால் பாட்டில் மட்டும் வராது. பல வருஷமாக டி.வி. பார்ப்பவர்கள்கூட இதைக் கவனித்திருக்க மாட்டார்கள். இல்லாத ஒன்றைக் கவனிப்பது கஷ்டம்தான். காரணம், 1992-ல் இந்திய நாடாளுமன்றம் இயற்றிய ஒரு சட்டம். தாய்ப்பாலுக்கு மாற்றாக விற்கப்படும் பால்மாவு, பால் பாட்டில், குழந்தை உணவு மூன்றையும் கட்டுப்படுத்தும் அந்தச் சட்டத்தை 2003-ல் இன்னும் இறுக்கினார்கள். பாட்டிலுக்கு விளம்பரம் கூடாது, இலவச சாம்பிள் கூடாது, பரிசு காட்டி ஆசை மூட்டக் கூடாது. இந்தியத் தர நிர்ணய அமைப்பின் முத்திரை இல்லாமல் விற்கவும் கூடாது.

கால் லிட்டர்கூடப் பிடிக்காத ஒரு பாட்டிலுக்கு ஏன் இவ்வளவு காவல்? 1939-ல் சிங்கப்பூர் ரோட்டரி சங்கத்தில் பேசிய சிசிலி வில்லியம்ஸ் என்ற குழந்தை மருத்துவர், டின் பாலை விளம்பரம் செய்து விற்பதைக் கொலை என்றே சொன்னார். சுத்தமான தண்ணீர் இல்லாத வீடுகளில் அந்தப் பாலும் பாட்டிலும் சேர்ந்து என்ன செய்தன என்பதை அவர் வார்டில் தினமும் பார்த்துக்கொண்டிருந்தவர். உலகம் அதைக் காதில் வாங்க நாற்பது வருஷத்துக்கு மேல் ஆயிற்று. 1981-ல் உலக சுகாதார சபை இந்தப் பொருள்களின் விற்பனைக்கு ஒரு நெறிமுறை வகுத்தது. 118 நாடுகள் ஆதரித்தன, அமெரிக்கா மட்டும் எதிர்த்து வாக்களித்தது. நம் சட்டம் அந்த நெறிமுறையின் வழியில் வந்தது.

தாய்ப்பால்தான் முதல் தேர்வு என்பதில் எந்த மருத்துவருக்கும் சந்தேகம் இல்லை. ஆனால் வேலைக்குத் திரும்பும் அம்மா பிழிந்து வைத்துவிட்டுப் போகும் பாலைப் பாட்டியோ அப்பாவோ எதிலாவது கொடுத்தாக வேண்டும். குறைமாதத்தில் பிறந்து, உறிஞ்சத் தெரியாத குழந்தைகள் இருக்கின்றன. தத்தெடுத்த குழந்தைகள் இருக்கின்றன. அப்படி ஒருவர் கடைக்குள் நுழையும்போது, விளம்பரம் விட்டுவைத்த இடத்தை அட்டைப்பெட்டி பிடித்துக்கொள்கிறது. வயிற்றுவலி வராது, இயற்கையான காம்பு, பி.பி.ஏ. இல்லை, மூன்று வால்வு, ஐந்து வால்வு. இதையெல்லாம் படிப்பதற்கு முன் ஒரு கேள்வியைக் கேட்கலாம் என்று நினைக்கிறேன். இந்தப் பாட்டிலில் பிரஷ் போகாத இடம் எங்கே இருக்கிறது? பால் பாட்டிலின் சரித்திரம், வேதியியல், நுண்ணுயிரியல் மூன்றும் கடைசியில் இந்தக் கேள்வியில்தான் வந்து நிற்கின்றன.

முதலில் அந்தச் சின்ன வாயைப் பார்த்துவிடலாம். குழந்தை காம்பைக் கவ்விக் கசக்கிப் பாலைப் பிழிந்தெடுக்கிறது என்றுதான் நெடுநாள் நினைத்திருந்தார்கள். மேற்கு ஆஸ்திரேலியாவில் டோனா கெட்டிஸ் குழுவினர், குழந்தைகள் பால் குடித்துக்கொண்டிருக்கும்போதே தாடைக்கு அடியில் அல்ட்ராசவுண்ட் கருவியை வைத்து உள்ளே நடப்பதைப் பார்த்தார்கள். 2008-ல் வெளியான அந்த ஆய்வில், நாக்கு மேலெழுந்து அழுத்தும்போது பால் வரவில்லை. நாக்கு கீழே இறங்கும்போது வாய்க்குள் அழுத்தம் குறைகிறது, அப்போதுதான் பால் பாய்கிறது. அந்த உறிஞ்சலின் உச்சம் சராசரியாக 145 மில்லிமீட்டர் பாதரசம். நம்மைச் சூழ்ந்த காற்றின் அழுத்தம் 760. சில மாதமே ஆன குழந்தை, வாய்க்குள் இருக்கும் அழுத்தத்தில் ஐந்தில் ஒரு பங்கைக் குறைத்துவிடுகிறது. கழுத்து நிற்காத வயதில் இந்தப் பலம்!

அதே ஆய்வுக் குழுவினர் இன்னொன்றையும் எண்ணிப் பார்த்திருந்தார்கள். காம்பில் பால் ஒரே துளை வழியாக வருவதில்லை. சராசரியாக ஒன்பது வாய்கள். குழந்தை முதலில் விநாடிக்கு இரண்டு முறை வீதம் வேகமாகச் சப்பும், அப்போது பால் ஏறக்குறைய வராது. அந்தச் சப்பலே அம்மாவின் உடம்புக்கு ஒரு செய்தி. பால் சுரந்து இறங்கியதும் சப்பல் விநாடிக்கு ஒன்று என நிதானப்படும். உறிஞ்சு, விழுங்கு, மூச்சு விடு என்ற தாளம் அமையும். விழுங்கும் அந்தக் கணத்தில் மூச்சு நிற்க வேண்டும், இல்லாவிட்டால் புரையேறும். இந்த மூன்றையும் கோத்துச் செய்யும் திறமை கருவில் 34 வாரம் வாக்கில்தான் கைகூடுகிறது. அதற்கு முன் பிறந்த குழந்தைக்குப் பெரும்பாலும் குழாய் வழியாகப் பால் செலுத்துவதற்கு முக்கியமான காரணம் இது.

இனி பாட்டிலுக்கு வருவோம். பாட்டிலில் காத்திருப்பு இல்லை, வாய் வைத்ததும் பால் வந்துவிடும். தலைகீழாகப் பிடித்தால் பாலின் எடையும் சேர்ந்துகொள்ளும். பத்து சென்டிமீட்டர் உயரப் பால் தரும் அழுத்தம் ஏழு மில்லிமீட்டர் பாதரசம் அளவுதான். குழந்தையின் உறிஞ்சலோடு ஒப்பிட்டால் அற்பம். ஆனால் உறிஞ்சல் நிற்கும்போதும் அது நிற்பதில்லை. குழந்தை மூச்சு வாங்க ஒரு நொடி ஓய்ந்தாலும் பால் வந்துகொண்டே இருக்கும், விழுங்கியே தீர வேண்டும். அதனால்தான் குழந்தையைச் சற்று நிமிர்த்திவைத்து, பாட்டிலைப் படுக்கை வாட்டில் பிடித்து, அடிக்கடி இடைவெளி விட்டுக் கொடுக்கச் சொல்கிறார்கள். தலையணையில் பாட்டிலைச் சாய்த்து வைத்துவிட்டு அடுப்பைப் பார்க்கப் போவது ஆபத்து என்பதும் இந்தக் கணக்கால்தான்.

நிப்பிளின் துளை இந்தத் தாளத்தோடு நேரடியாகத் தொடர்புள்ளது. ஆனால் நிப்பிளில் 'ஸ்லோ', 'மீடியம்' என்று அச்சிட்டிருப்பதற்கு எல்லா நிறுவனங்களுக்கும் பொதுவான அளவுகோல் கிடையாது. அமெரிக்காவில் நிப்பிள்களை வாங்கி, ஒரே உறிஞ்சலில் எவ்வளவு பால் வருகிறது என்று அளந்தபோது, ஒரு நிறுவனத்தின் 'ஸ்லோ' இன்னொன்றின் 'ஸ்லோ'வைவிடப் பல மடங்கு வேகமாக இருந்தது. ஒரே நிறுவனத்தின் ஒரே ரகத்திலும் வித்தியாசம் இருந்தது. ஆகவே பெட்டியில் எழுதியிருப்பதை விட்டுவிட்டுக் குழந்தையைப் பார்ப்பதே மேல். வாயோரம் பால் வழிந்தால், கண் அகல விரிந்தால், கை விரல்கள் விறைத்தால் பால் வேகமாக வருகிறது என்று பொருள். அரைமணி நேரமாகச் சப்பியும் பாட்டில் குறையவில்லை, குழந்தை களைத்துத் தூங்குகிறது என்றால் துளை சிறிது. ஊசியைக் காய்ச்சித் துளையைப் பெரிதாக்கும் பழைய வழக்கத்தை மட்டும் மறந்துவிடுங்கள். கிழிந்த துளையை எவராலும் திருப்பிச் சின்னதாக்க முடியாது.

பால் வெளியேற வெளியேற பாட்டிலுக்குள் காற்று மெலிந்து, உள்ளேயே ஒரு எதிர் உறிஞ்சல் உண்டாகும். வெளிக்காற்று உள்ளே போனால்தான் பால் தொடர்ந்து வரும். வீட்டில் கவிழ்த்து வைத்த இருபது லிட்டர் தண்ணீர் கேன் 'குளுக்' என்று குமிழி விட்ட பிறகு தண்ணீர் விடுவது இதே விதிப்படிதான். நிப்பிளின் அடி விளிம்பில் ஒரு சின்ன ஓட்டையோ பிளவோ இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். காற்று போகும் வாசல் அது. மூடியை மிக இறுக்கித் திருகினால் அடைத்துக்கொள்ளும், நிப்பிள் உள்வாங்கிச் சப்பையாகும். சற்றே தளர்த்தினால் சரியாகிவிடும்.

இந்தச் சின்ன வாசலைத்தான் விலையுயர்ந்த பாட்டில்கள் குழாய், திருகு, வால்வு, தட்டு என்று விரிவாக்கி, வயிற்றுவலியைத் தடுக்கும் என்று விற்கின்றன. காற்றோட்டம் நன்றாக இருப்பது நல்லதே. ஆனால் குழந்தையின் அழுகைக்கு ஒரு சொந்தக் கால அட்டவணை உண்டு. பிறந்து இரண்டாம் வாரத்தில் கூடத் தொடங்கி, ஆறாம் வாரத்தில் உச்சத்துக்குப் போய், மூன்று நான்கு மாதத்தில் தானாகத் தணியும். தாய்ப்பால் குடித்தாலும் அப்படித்தான், புட்டிப்பால் குடித்தாலும் அப்படித்தான். அழுகை தாங்காமல் மூன்றாவது தடவையாக பாட்டிலை மாற்றும் பெற்றோர் அனேகமாக அந்தத் தணியும் பருவத்தில் மாற்றுகிறார்கள். புகழ் கடைசி பாட்டிலுக்குப் போய்விடுகிறது. இதற்கிடையே வீட்டில் கழுவ வேண்டிய உருப்படி மூன்றிலிருந்து ஏழாகியிருக்கும்.

கழுவ முடியாத பாட்டில் என்ன செய்யும் என்பதை ஐரோப்பா மிகக் கொடுமையாகக் கற்றுக்கொண்டது. அதற்கு முன், இன்னும் பழைய சாட்சி ஒன்று. தென் ஜெர்மனியின் பவேரியாவில், வெண்கல, இரும்புக் காலத்துக் குழந்தைகளின் புதைகுழிகளில், கைக்குள் அடங்கும் சின்ன மண் கிண்டிகள் கிடைத்தன. மூக்கு வைத்தவை. பிரிஸ்டல் பல்கலைக்கழகத்தின் ஜூலி டன் குழுவினர் அவற்றில் மூன்றை ஆராய்ந்து 2019-ல் முடிவை வெளியிட்டார்கள். மண்ணின் நுண்துளைகளில் பால் கொழுப்பு ஊறியிருந்தது. மாடு, ஆடு போன்ற அசைபோடும் விலங்குகளின் பால். இரண்டாயிரத்தைந்நூறு, மூவாயிரம் வருஷத்துக்கு முன்பும் தாய்ப்பாலுக்கு மாற்றாகவோ துணையாகவோ குழந்தைக்கு வேறு பால் புகட்டியிருக்கிறார்கள் என்பது தெரிந்தது. தொல்லியலாளருக்கு அது ஆனந்தம். எனக்கு இன்னொன்றும் தோன்றுகிறது. எத்தனை தடவை அலம்பியிருந்தாலும் போகாமல், மூவாயிரம் வருஷம் தங்கியிருக்கும் அளவுக்குப் பால் கொழுப்பு துளைக்குள் போய் ஒளிந்துகொள்ளும்.

19-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்துக்கு வருவோம். ரப்பர் வந்துவிட்டது. 1845-ல் நியூயார்க்கின் எலைஜா பிராட் ரப்பர் நிப்பிளுக்குக் காப்புரிமை வாங்கினார். அதையொட்டி வந்த பிரபலமான பாட்டில் ஒன்றில், தட்டையான கண்ணாடிப் புட்டியிலிருந்து நீளமான ரப்பர் குழாய் புறப்பட்டு, அதன் நுனியில் நிப்பிள் இருக்கும். புட்டியைப் பக்கத்தில் வைத்துக் குழாயை வாயில் கொடுத்துவிட்டால் குழந்தை தானே குடித்துக்கொள்ளும், தூக்கிப் பிடிக்க ஆள் வேண்டாம். அலெக்ஸாண்ட்ரா என்று இளவரசியின் பெயர்கூட ஒன்றுக்கு வைத்திருந்தார்கள். வேலைக்குப் போகும் ஏழைத் தாய்க்கு அதைவிட வசதி வேறென்ன? ஆனால் அந்தக் குழாய்க்குள் எந்தப் பிரஷும் போகாது. வெதுவெதுப்பான பால், இருட்டு, ஈரம், ரப்பரின் சொரசொரப்பு. பாக்டீரியா வளர்ப்பவர்கள் ஆய்வகத்தில் கஷ்டப்பட்டு உண்டாக்கும் நிலைமை அங்கே தானாக அமைந்திருந்தது.

மருத்துவர்கள் அதற்கு 'கொலைகார பாட்டில்' என்று பேர் வைத்தார்கள். அந்த நூற்றாண்டு முடியும் தறுவாயில் இங்கிலாந்தில் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 150-க்கு மேல் முதல் பிறந்தநாளைக் காணவில்லை. எல்லாவற்றுக்கும் பாட்டில் காரணம் என்று சொல்ல முடியாது. ஆனால் கோடையில் வயிற்றுப்போக்கில் போன பிள்ளைகளில் புட்டிப்பால் குடித்தவர்கள் அதிகம் என்பதைப் பார்த்தவர்கள் இருந்தார்கள். அமெரிக்காவின் பஃபலோ நகரம் 1897-ல் குழாய் பாட்டிலைத் தடை செய்தது. பிரான்ஸ் 1910-ல் சட்டம் போட்டு விற்பனையையே நிறுத்தியது. இங்கிலாந்தில் தடை வரவில்லை. மலிவு என்பதால் இருபதாம் நூற்றாண்டுக்குள்ளும் விற்றுக்கொண்டிருந்தார்கள்.

இதற்கு விடையாக வந்த வடிவம்தான் எனக்கு மிகவும் பிடித்தது. லண்டனின் ஆலன் அண்டு ஹேன்பரிஸ் நிறுவனம் 1890-களில் கொண்டுவந்த படகு வடிவ பாட்டில். இரண்டு முனையும் திறந்த கண்ணாடி. ஒரு முனையில் நிப்பிள், மறுமுனையில் காற்று போகும் ரப்பர் வால்வு. இரண்டையும் கழற்றிவிட்டுக் குழாயடியில் பிடித்தால் தண்ணீர் ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் வெளியேறும். தங்குவதற்கு மூலையே கிடையாது. காற்றுப் பிரச்சினையும் தீர்ந்தது, கழுவும் பிரச்சினையும் தீர்ந்தது. அரை நூற்றாண்டுக்கு மேல் வீடுகளில் புழங்கிய அந்த வடிவத்தை இன்றைய அகன்ற வாய் பாட்டில்கூட முழுசாக எட்டிப் பிடிக்கவில்லை என்பேன்.

எதில் செய்தது என்பதை அடுத்துப் பார்ப்போம். கண்ணாடிக்கு எதிரி திடீர்ச் சூடு. சாதாரணக் கண்ணாடியில் கொதிநீர் பட்டால் உட்புறம் விரியும், வெளிப்புறம் விரியாது, விரிசல் விடும். போரான் சேர்த்த போரோசிலிகேட் கண்ணாடி அதில் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்று மேல்தான் விரியும், அதனால் தாக்குப்பிடிக்கும். கனமும் உடையும் என்ற பயமும் போக, கண்ணாடி மீது குறை சொல்ல ஒன்றுமில்லை. அதில் கீறல் விழாது, மணம் ஏறாது, பால் திட்டு இருந்தால் காட்டிக்கொடுத்துவிடும். எவர்சில்வர் பாட்டில் உடையாது. ஆனால் உள்ளே பார்க்க முடியாது, அது எனக்கு ஒரு குறை.

பிளாஸ்டிக்கின் கதைதான் நீளம். பிஸ்பினால்-ஏ, சுருக்கமாக பி.பி.ஏ. என்ற வேதிப்பொருளை 1891-லேயே ரஷ்ய வேதியியலாளர் தியானின் உருவாக்கிவிட்டார். 1930-களில் லண்டனில் சார்லஸ் டாட்ஸ், பெண் ஹார்மோனான ஈஸ்ட்ரோஜனைப் போலச் செயல்படும் பொருள்களைத் தேடியபோது இதையும் சோதித்தார். ஹார்மோன் வேலையை அது செய்தது. இதைவிட வலுவான வேறொன்று கிடைத்ததால் அதை மருந்தாக்காமல் விட்டுவிட்டார்கள். 1953-ல் வேறு ஆட்கள், வேறு நோக்கத்தில், பி.பி.ஏ. மூலக்கூறுகளைக் கோத்து பாலிகார்பனேட் என்ற பிளாஸ்டிக்கைச் செய்தார்கள். கண்ணாடி மாதிரித் தெளிவு, கீழே விழுந்தாலும் உடையாது. பால் பாட்டிலுக்கு இதைவிட என்ன வேண்டும்? ஹார்மோன் போல நடந்துகொண்ட பொருள் ஒரு தலைமுறைக்குப் பிறகு குழந்தையின் கைக்குப் போனது யார் கண்ணையும் உறுத்தவில்லை.

1998-ல் அமெரிக்காவின் கிளீவ்லாந்தில் பேட்ரிஷியா ஹன்ட் சுண்டெலிகளின் கருமுட்டைகளை ஆராய்ந்துகொண்டிருந்தார். எந்தச் சோதனைக்கும் உட்படுத்தாத சாதாரண எலிகளிலேயே, முட்டை முதிரும்போது குரோமோசோம்கள் வரிசை பிசகும் கோளாறு திடீரென்று பெருகியது. வழக்கமாக ஓரிரு சதவீதம் இருப்பது நாற்பதுக்குத் தாவியது. தீவனம், காற்று, தண்ணீர் எல்லாவற்றையும் துழாவினார்கள். கடைசியில் கிடைத்த காரணம், கழுவியதுதான். தற்காலிகமாக வந்த ஒருவர், தரை துடைக்கும் காரமான சோப்புத் திரவத்தைக் கொண்டு எலிக் கூண்டுகளையும் தண்ணீர் பாட்டில்களையும் கழுவிவிட்டார். பாலிகார்பனேட் சிதைந்து, பி.பி.ஏ. கசிந்து, எலிகளின் உடம்பில் ஏறியிருந்தது. முடிவை 2003-ல் வெளியிட்டார்கள். சூடும் காரமும் அந்தப் பிளாஸ்டிக்கைப் பிரிக்கும் என்றால், தினமும் கொதிக்கவைத்துச் சோப்புப் போட்டுத் தேய்க்கும் பால் பாட்டில் என்ன ஆகும்? கனடா முதலில் விழித்துக்கொண்டது. ஐரோப்பிய ஒன்றியம் 2011-லும் அமெரிக்கா 2012-லும் பாலிகார்பனேட் பால் பாட்டிலை விலக்கின. இந்தியத் தர நிர்ணயமும் 2015-ல் திருத்தப்பட்டபோது அதை நீக்கிவிட்டது. ஆகவே இன்று புதிதாக வாங்கும் பாட்டிலில் 'பி.பி.ஏ. இல்லை' என்பது பெருமை இல்லை, கட்டாயம். பரணிலிருந்து இறக்கும், மூத்த பிள்ளை குடித்த பழைய பாட்டில்தான் சந்தேகத்துக்குரியது.

இப்போது பெரும்பாலானவை பாலிபுரோப்பிலீன். அடியில் முக்கோணத்துக்குள் 5 என்ற எண் இருக்கும். இதில் பி.பி.ஏ. கிடையாது. ஆனால் 2020-ல் டப்ளினின் டிரினிட்டி கல்லூரி ஆய்வாளர்கள் இந்தப் பாட்டில்களில் வெந்நீர் ஊற்றிக் குலுக்கி, உதிரும் நுண்பிளாஸ்டிக் துகள்களை எண்ணினார்கள். பால்மாவு கலக்கும் சூட்டில் லிட்டருக்கு ஒன்றரைக் கோடிக்கு மேல் வரை இருந்தன. சூடு கூடக் கூட எண்ணிக்கை ஏறியது. 25 டிகிரியில் சுமார் 6 லட்சம், 95 டிகிரியில் ஐந்தரைக் கோடி. இவை குழந்தையின் உடம்பில் என்ன செய்யும் என்ற கேள்விக்கு அந்த ஆய்வு விடை தேடவில்லை. வெந்நீரை பிளாஸ்டிக்கில் ஊற்றாமல் இருப்பது எளிது என்பதால், அதைச் செய்துவிடலாம்.

ஆனால் வெந்நீர் இல்லாமல் பால்மாவு கலக்கக் கூடாது. பால்மாவு டப்பா சுத்தமாக அடைத்து வந்தாலும், உள்ளே இருப்பது கிருமி நீக்கிய பொருள் இல்லை. குரோனோபேக்டர் என்ற பாக்டீரியா உலர்ந்த மாவில் ஒரு வருஷத்துக்கு மேலும் உயிரோடு கிடக்கும். அரிதாகத்தான் நோய் தரும், தந்தால் பிறந்து சில வாரமே ஆன குழந்தைக்கு மூளையுறைக் காய்ச்சல் வரை கொண்டுபோகும். (பெற்ற பிள்ளைகளைப் பிறந்ததும் விழுங்கிய கிரேக்கப் புராணத்துக் குரோனோஸின் பெயரைத்தான் அதற்கு வைத்திருக்கிறார்கள். நுண்ணுயிரியலாளர்களுக்கும் கதை தெரியும்.) 70 டிகிரிக்குக் குறையாத நீரில் மாவைக் கலந்தால் அது சாகும். உலக சுகாதார நிறுவனத்தின் 2007 வழிகாட்டி சொல்வது இது. ஒரு பக்கம் வெந்நீர் வேண்டும், இன்னொரு பக்கம் பிளாஸ்டிக்கில் வெந்நீர் வேண்டாம். நம் சமையலறையில் இதற்கு விடை ஏற்கனவே இருக்கிறது. காய்ச்சிய சுத்தமான எவர்சில்வர் டம்ளரில் நீரை அளந்து, மாவைக் கலந்து, ஆறவைத்து, குடிக்கும் சூட்டுக்கு வந்ததும் பாட்டிலில் ஊற்றுங்கள். நீரை முதலில் அளந்து மாவைப் பிறகு போட வேண்டும், கரண்டியைத் தலை தட்டி அளக்க வேண்டும். நீர்க்கக் கரைத்தால் குழந்தை மெலியும், கெட்டியாகக் கரைத்தால் சிறுநீரகம் தவிக்கும். கலந்த பாலை இரண்டு மணி நேரத்துக்குள் கொடுத்துவிட வேண்டும். குடித்து மிச்சம் வைத்ததை அடுத்த வேளைக்கு வைக்கக் கூடாது.

கழுவுவதிலும் ஒரு வேதியியல் இருக்கிறது. பசும்பாலில் செய்த மாவில் உள்ள மோர்ப் புரதம், 70 டிகிரிக்கு மேல் சுருண்டு திரிந்து பரப்பில் ஒட்டிக்கொள்ளும். ஆகவே பால் குடித்த பாட்டிலில் எடுத்த எடுப்பில் கொதிநீர் ஊற்றினால், அழுக்கை நாமே வேகவைத்துச் சுவரில் அப்புகிறோம். பால் பண்ணைகளில் முதல் அலசல் பச்சைத் தண்ணீரிலோ வெதுவெதுப்பான நீரிலோதான் நடக்கும். பிறகு சோப்பும் பிரஷும், கொதிநீர் கடைசியில். ஒட்டிய பால் படலத்தின் மேல் பாக்டீரியாக்கள் குடியேறினால், தங்களைச் சுற்றி வழவழப்பாக ஒரு போர்வையைச் சுரந்துகொள்ளும். வெறும் அலசலுக்கு அது அசையாது. தேய்த்தால்தான் போகும்.

இதற்கு ஒரு வருத்தமான சான்று உண்டு. 2016-ல் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில், குறைமாதத்தில் பிறந்து தாய்ப்பால் குடித்து வந்த குழந்தைக்குக் குரோனோபேக்டர் தொற்று வந்தது. பால்மாவு காரணம் இல்லை. அம்மா பயன்படுத்திய பிரெஸ்ட் பம்ப்பின் பாகங்களிலும் சமையலறை சிங்க்கிலும் அதே கிருமி இருந்தது. பாகங்களைச் சோப்பு நீரில் மணிக்கணக்காக ஊறவைத்து, பிரஷ் போட்டுத் தேய்க்காமல் அலசியிருக்கிறார்கள். ஊறவைத்தால் சுத்தம் என்று நாமும்தான் நினைக்கிறோம். அதன் பிறகு அமெரிக்க நோய்த் தடுப்பு மையம் பம்ப் கழுவத் தனி வழிகாட்டியே வெளியிட்டது. சிங்க்கில் போடாதே, தனிப் பாத்திரம் வை, தனிப் பிரஷ் வை, தேய், துணியால் துடைக்காமல் காற்றில் உலரவிடு. (இயந்திர பிரெஸ்ட் பம்ப்பை 1920-களில் வடிவமைத்தவர்களில் ஒருவர் எட்வர்ட் லாஸ்கர். செஸ் உலகில் பெரிய பேர். பொறியாளர் என்பது பலருக்குத் தெரியாது.) பம்ப் வாங்கும்போது உறிஞ்சும் வேகத்தைவிட, பால் தொடும் பாகங்கள் எத்தனை, ஒவ்வொன்றும் கழன்று வருகிறதா என்பதைப் பார்க்கச் சொல்வேன். கழுவிய பிறகு பத்து நிமிஷம் கொதிக்கவைத்தால் ஸ்டெரிலைசர் தேவையில்லை. கழுவாமல் கொதிக்கவைத்தால் ஸ்டெரிலைசர் இருந்தும் பயனில்லை.

நிப்பிள் சிலிக்கானில் ஒன்று, ரப்பர் பாலில் செய்த லேட்டக்ஸில் ஒன்று என இரண்டு விதம். லேட்டக்ஸ் மெத்தென்று இருக்கும், ஆனால் சீக்கிரம் ஒட்டும், பிசுபிசுக்கும், வெடிக்கும். சிலிக்கான் சூட்டைத் தாங்கும். எதுவானாலும் வெளிச்சத்தில் இழுத்துப் பார்த்து, கீறல் தெரிந்தால் தூக்கிப் போட வேண்டும்.

இவ்வளவும் பேசிவிட்டு, நம் ஊர் அடுக்களையில் காலங்காலமாக இருக்கும் ஒரு கருவியைப் பற்றிப் பேசாவிட்டால் தப்பு. சங்கு. சில ஊர்களில் சங்கடை, ஆஸ்பத்திரிகளில் பாலாடை. ஒரு பக்கம் குழிந்து மறுபக்கம் மூக்காக நீளும் சின்னக் கிண்ணம். தாய்மாமன் சீரில் வெள்ளிச் சங்கு வரும், வார்டில் எவர்சில்வர் சங்கு இருக்கும். கழுதைப்பால் விற்றுக்கொண்டு தெருவில் வருகிறவர்கள் விலை சொல்வதும் சங்குக் கணக்கில்தான். (வெள்ளிக்குக் கிருமியைத் தடுக்கும் குணம் உண்டு என்பது உண்மை. பால் இருக்கும் ஐந்து நிமிஷத்தில் அதை நம்பிக் கழுவாமல் விட முடியாது என்பதும் உண்மை.) ஆலன் அண்டு ஹேன்பரிஸ் இரண்டு பக்கமும் திறந்து சாதித்ததை, சங்கு மேலே முழுக்கத் திறந்திருப்பதால் சாதித்துவிட்டது. பிரஷ்கூட வேண்டாம், விரலே போகும்.

1999-ல் டெல்லி மருத்துவர்கள் பாட்டில், கப், பாலாடை மூன்றையும் வைத்துப் பச்சிளங்குழந்தைகளுக்குப் பால் புகட்டி ஒப்பிட்டார்கள். பாலாடையில் குழந்தைகள் குறைந்த நேரத்தில் அதிகம் குடித்தன, அமைதியாகவும் இருந்தன. கப்பில்தான் அதிகம் சிந்தியது. எட்டு வருஷம் கழித்து லண்டனில் குறைமாதக் குழந்தைகளிடம் பாலாடையை பாட்டிலோடு ஒப்பிட்டபோது முடிவு தலைகீழாக வந்தது. நேரம் அதிகம், சிந்தியது அதிகம், குழந்தைகள் திணறியதற்கான அறிகுறிகளும் அதிகம். கருவி ஒன்றுதான். புகட்டியவர்கள் வேறு, குழந்தைகளின் நிலை வேறு. எனக்கு இரண்டு ஆய்வுமே சரி என்றுதான் படுகிறது. பாட்டில் ஓரளவுக்குத் தானாக வேலை செய்யும், சங்கு புகட்டுகிறவரின் பொறுமையில் வேலை செய்யும்.

அந்தப் பொறுமை இல்லாவிட்டால் சங்கு ஆபத்தானது. குழந்தையைக் காலில் மல்லாக்கப் போட்டு, அது அழ வாய் திறக்கும் நேரம் பார்த்து ஊற்றுவது நம் வீடுகளில் சாதாரணம். உரை மருந்து போட்டுப் பழகிய கை பாலையும் அப்படியே ஊற்றும். மூச்சுக்குழாய்க்குப் போனால் நிமோனியாவில் முடியும். பச்சிளங்குழந்தை வார்டு நர்ஸ்கள் புகட்டுவதைப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். குழந்தை விழித்திருக்க வேண்டும். தலையும் முதுகும் ஒரே நேராக, பாதி நிமிர்ந்து இருக்க வேண்டும். சங்கின் மூக்கு கீழுதட்டின் ஓரத்தில் உட்காரும். சில துளி மட்டும் சாய்ப்பார்கள், நாக்கு அசைந்து, தொண்டை ஏறி இறங்கி, மூச்சு விட்ட பிறகே அடுத்த துளி. முன்னே சொன்ன அந்தத் தாளத்தை இங்கே குழந்தையே நிர்ணயிக்கிறது.

குறைமாதக் குழந்தையோடு டிஸ்சார்ஜ் ஆகும் அம்மாக்களுக்கு இது வார்டிலேயே கற்றுத்தரப்படுகிறது. பலரும் வெளியே வந்ததும் எதிர்க்கடையில் பாட்டில் வாங்கிவிடுகிறார்கள். இரவு இரண்டு மணிக்குத் துளித்துளியாகப் புகட்ட வீட்டில் இன்னொரு கை இல்லையென்றால் அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. வாங்கத்தான் வேண்டும் என்றால் பெட்டியில் ஐ.எஸ்.ஐ. முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். பிளாஸ்டிக் என்றால் ஐ.எஸ். 14625 என்ற எண் இருக்க வேண்டும். பிறகு கடைக்காரரிடம் கேட்டு மூடியைக் கழற்றி, இரண்டு விரலை உள்ளே விட்டுத் தோளின் வளைவு வரை தடவிப் பாருங்கள். விரல் தடுக்கும் பள்ளம் இருந்தால் அடுத்த பெட்டியை எடுக்கச் சொல்லுங்கள். நீளமான கைப்பிடியுள்ள பிரஷ் ஒன்றும், நிப்பிளுக்குத் தனியாகச் சின்னப் பிரஷ் ஒன்றும் அதே பில்லில் போட்டுக்கொள்ளலாம்.